நாய் கொடுத்த பெயர்

கேனரி என்றதும் மஞ்சள் நிறச் சின்னப் பறவைதான் கண்முன் வரும். ஆனால் அந்தப் பெயரைக் கொடுத்தது நாய். லத்தீனில் 'கானிஸ்' என்றால் நாய். ஆப்பிரிக்காவின் வடமேற்குக் கரைக்கு அப்பால் ஒரு தீவில் பெரிய பெரிய நாய்கள் ஏராளம், அதனால் அதற்குக் 'கானாரியா' என்று பெயர் வந்தது என ரோமானிய அறிஞர் மூத்த பிளினி எழுதியிருக்கிறார். மௌரித்தானிய அரசர் இரண்டாம் ஜூபாவுக்கு அங்கிருந்து இரண்டு நாய்கள் வந்தனவாம். இன்றும் கேனரித் தீவுகளின் சின்னத்தில் கேடயத்துக்கு இருபுறமும் நாய்கள் நிற்கின்றன.

தீவின் பெயர் பறவைக்கு ஒட்டியது. காட்டுக் கேனரி பச்சை கலந்த மஞ்சள், முதுகில் பழுப்புக் கோடுகள். பளிச்சென்ற மஞ்சள் கூண்டில் வளர்த்தவர்கள் தலைமுறை தலைமுறையாகத் தேர்ந்தெடுத்துக் கொண்டுவந்தது. தீவின் ஒயினும் ஒரு துள்ளல் நடனமும் இதே பெயரைப் பெற்றன. லண்டனின் கேனரி வார்ஃப், 1930களில் அந்தத் தீவுகளின் பழங்கள் வந்து இறங்கிய துறை.

சொல்லுக்கு 'எச்சரிக்கை' என்ற பொருள் சேர்ந்தது சுரங்கத்தில். அதைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். சுரங்கத்தில் வெடிக்கும் மீத்தேனைக் கண்டுபிடிக்கத்தான் பறவையைக் கொண்டுபோனார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். ஆனால் மீத்தேனைக் காட்டிக்கொடுத்தது பாதுகாப்பு விளக்கின் சுடர். பறவையின் வேலை, வெடிப்புக்கும் தீக்கும் பிறகு தேங்கும் கார்பன் மோனாக்சைடைக் காட்டுவது. மணமோ நிறமோ இல்லாத இந்த வாயு ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கும் மேலாக இரத்தத்தைப் பற்றிக்கொள்ளும். பறவைக்கு உடல் சிறியது, மூச்சு வேகமானது. மனிதன் மயங்குவதற்கு முன்பே அது கம்பிலிருந்து தள்ளாடி விழும். 1890களில் இந்த யோசனையைச் சொன்னவர் ஜான் ஸ்காட் ஹால்டேன். பறவை சாக வேண்டும் என்பதில்லை. வட்டக் கதவும் மேலே சிறு ஆக்சிஜன் உருளையும் கொண்ட கூண்டுகள் இருந்தன; பறவை சாய்ந்ததும் கதவை மூடி வால்வைத் திறந்தால் அது தெளிந்துவிடும். பிரிட்டனில் 1986இல்தான் மின்னணுக் கருவிகள் இந்தப் பறவைகளை ஓய்வுபெற வைத்தன.

கணினிக்குள்ளும் ஒரு கேனரி உண்டு. நினைவகத்தில் ஒரு ஃபங்ஷனின் (நிரலின் ஒரு சிறு பகுதி) உள்ளூர் மாறிகளுக்கும், அதாவது அது வேலைக்காக வைத்திருக்கும் தரவுகளுக்கும், வேலை முடிந்ததும் எங்கே திரும்ப வேண்டும் என்று சொல்லும் திரும்பும் முகவரிக்கும் நடுவே ஒரு ரகசிய எண்ணை வைப்பார்கள். 1998இல் வெளிவந்த 'ஸ்டாக்கார்ட்' என்ற கம்பைலர் இணைப்பு இதைப் பரவலாக்கியது. அந்த முகவரியை மாற்ற நினைக்கும் தாக்குபவரால் பஃபர் (தரவு வைக்கும் இடம்) நிரம்பி வழிந்தால் முகவரியைத் தொடும் முன் இந்த எண் அழியும். ஃபங்ஷன் திரும்பும் நேரத்தில் எண்ணை ஒப்பிட்டு, மாறியிருந்தால் நிரலை அங்கேயே நிறுத்திவிடுவார்கள். 64 பிட் லினக்ஸில் இந்த எண்ணின் 8 பைட்டில் ஒன்று எப்போதும் பூஜ்ஜியம். சரத்தை (எழுத்துத் தொடரை) நகலெடுக்கும் ஃபங்ஷன்கள் பூஜ்ஜியத்தைக் கண்டதும் நின்றுவிடும் என்பதால் அந்த ஏற்பாடு.

இது எங்கே தோற்கிறது? ஃபோர்க் செய்து, அதாவது தன்னையே நகலெடுத்து, பிள்ளை பிராசஸ்களை (ஓடும் நிரல்களை) உண்டாக்கும் சர்வரில் எல்லாப் பிள்ளைகளுக்கும் ஒரே எண்தான். ஒரு பிள்ளை விழுந்தாலும் அடுத்தது அதே எண்ணோடு எழும். ஊகம் தவறினால் பிள்ளை விழும், சரியானால் விழாது; இப்படித் தாக்குபவர் பைட் பைட்டாக ஊகித்தால் மீதி 7 பைட்டுக்கு, பைட்டுக்கு 256 என்று, அதிகபட்சம் 1,792 முயற்சி போதும். பிள்ளை ஒவ்வொன்றும் எக்ஸெக் (நிரலை மறுபடி ஏற்றும் அழைப்பு) மூலம் புதிதாகத் தொடங்கினால் எண்ணும் புதிதாகும். அந்த வழி அடைபடும்.