தும்மலில் தொடங்கும் பேச்சு

எல்லோருக்கும் வணக்கம். நியூசிலாந்தின் பூர்வகுடிகளான மாவோரி மக்களின் கூட்டத்தில் பேச எழுகிறவர் பலரும் முதலில் உரக்கச் சொல்வது 'டிஹெய் மவுரி ஓரா' என்பதைத்தான். 'இதோ தும்மல், உயிர் வந்துவிட்டது' என்று பொருள் கொள்ளலாம். நம் ஊரில் புறப்படும் நேரத்தில் யாராவது தும்மினால் கொஞ்சம் உட்கார்ந்து தண்ணீர் குடித்துவிட்டுப் போகச் சொல்வார்கள். நியூசிலாந்தில் தும்மலைச் சொல்லித்தான் பேச்சே தொடங்குகிறது. அந்தத் தும்மல் யாருடையது என்பதுதான் இன்றைய பேச்சு.

மாவோரி மக்களின் படைப்புக் கதையில் ரங்கினுயி வானம், தகப்பன். பாப்பாதுவானுகு பூமி, தாய். இருவரும் இறுகத் தழுவிக் கிடந்தார்கள். இடையில் பிள்ளைகள், இருட்டில், கால் நீட்டக்கூட இடமில்லாமல். 'கொன்றுவிடுவோம்' என்றான் போர்த் தெய்வமான டூ. 'வேண்டாம், பிரித்தால் போதும்' என்றான் காட்டுக்குரிய டானே. அண்ணன் தம்பிகள் ஆளுக்கொரு முறை முட்டிப் பார்த்தும் நடக்கவில்லை. டானே தலையைத் தாயின்மேல் ஊன்றி, இரண்டு கால்களாலும் தகப்பனை உதைத்து மேலே தள்ளினான். வெளிச்சம் வந்தது. மரம் என்பது தலைகீழாக நிற்கும் டானே என்று இதைக் கேட்ட பிறகுதான் எனக்கு உறைத்தது. நியூசிலாந்தின் வைப்போவா காட்டில் டானே மாஹுட்டா என்று அவன் பெயரையே சுமந்துகொண்டு ஒரு மிகப் பெரிய கவுரி மரம் நிற்கிறது. பார்க்கப் போகிறவர்கள் காலணியின் அடியைத் தேய்த்துக் கழுவிவிட்டுத்தான் உள்ளே போகவேண்டும். மண்ணோடு ஒட்டிவரும் ஒரு நோய் கவுரி மரங்களைக் கொல்கிறது. கடவுளுக்கும் அந்த ஆபத்து உண்டு.

காற்றுக்குரிய டாஃபிரிமாட்டேயாவுக்கு இந்தப் பிரிவினை பிடிக்கவில்லை. தகப்பன் பக்கம் போய்விட்டான். ஆத்திரத்தில் தன் கண்களையே பிடுங்கி வானத்தில் எறிந்தான் என்று ஒரு கதை சொல்கிறது. அந்தக் கண்கள்தான் மட்டாரிக்கி, நாம் கார்த்திகை என்று சொல்லும் அதே நட்சத்திரக் கூட்டம். குளிர்காலத்தில் விடியற்காலையில் அது மறுபடி தெரியும்போது மாவோரி மக்களுக்குப் புத்தாண்டு. 2022 முதல் நாடு முழுக்க அதற்கு அரசு விடுமுறை.

எல்லாக் குலத்தாரும் இதையே சொல்வதில்லை. தெற்குத் தீவின் நய் டஹு மக்கள் கதையில் பூமித்தாய் பாப்பாதுவானுகுவின் முதல் கணவன் கடலுக்குரிய டங்கரோவா. அவன் வெளியே போயிருந்த நேரத்தில் வானமான ரங்கி வந்து சேர்ந்துகொண்டான். திரும்பி வந்தவன் ரங்கியின் தொடையில் ஈட்டியைப் பாய்ச்சினான். சரி, நம் தும்மலுக்கு வருவோம்.

டானேவுக்குப் பெண் வேண்டியிருந்தது. குராவாக்கா என்ற இடத்துச் செம்மண்ணைப் பிசைந்து உருவம் செய்து, மூக்கில் மூச்சை ஊதினான். மண் தும்மியது. அவள்தான் ஹினே-ஆஹு-ஓனே, முதல் பெண். மூக்கோடு மூக்கு வைத்து வணங்கும் ஹொங்கிக்கும் இந்த மூச்சைத்தான் காரணமாகச் சொல்வார்கள்.

அவளுக்கும் டானேவுக்கும் பிறந்தவள் ஹினே-டிட்டாமா, விடியலின் பெண். டானே அவளையே மனைவியாக்கிக்கொண்டான். அவன்தான் தன் தகப்பன் என்று அவளுக்குத் தெரியாது. குழந்தைகளும் பிறந்துவிட்டன. ஒருநாள் கேட்டாள், 'என் அப்பா யார்?' டானே நேராகச் சொல்லவில்லை. 'வீட்டுத் தூண்களைக் கேள்' என்றான். தூண் மரம், மரம் டானே. அவளுக்குப் புரிந்துவிட்டது. ராரோஹெங்கா என்ற கீழுலகத்துக்கு ஓடினாள். அவன் பின்னாலேயே போய் அழுதான். அவள் திரும்பி வரவில்லை. 'நீ மேலே இருந்து நம் பிள்ளைகளை வளர்த்துவா. அவர்கள் கீழே வரும்போது நான் பார்த்துக்கொள்கிறேன்' என்றாள். அன்றிலிருந்து அவள் ஹினே-நுயி-டே-போ, இரவின் பெருமகள். சாவுக்குத் தெய்வம் என்று சுருக்கமாக எழுதிவிடுகிறார்கள். எனக்கு அது போதவில்லை. குற்றம் செய்தவன் மேலே நிற்கிறான். செய்யாதவள் கீழே போய்ப் பிள்ளைகளுக்காகக் காத்திருக்கிறாள்.

அவளைத்தான் ஜெயிக்கப் பார்த்தான் மாவுயி. சாதாரண ஆள் இல்லை அவன். வடக்குத் தீவையே மீனாகத் தூண்டிலில் இழுத்தவன். 2013 முதல் அந்தத் தீவின் அதிகாரப்பூர்வப் பெயர்களில் ஒன்று டே இக்கா-ஆ-மாவுயி, மாவுயியின் மீன். ஆனால் அவனுக்குப் பெயர் சூட்டும்போது அவன் அப்பா மந்திரத்தில் ஒரு பகுதியை விட்டுவிட்டார். அந்தக் குறை அவனோடேயே வந்தது. தூங்குகிறவளின் உடலுக்குள் பிறப்பு வாசல் வழியாகப் புகுந்து வாய் வழியாக வெளியே வந்துவிட்டால் மனிதருக்குச் சாவே இல்லை என்பது அவன் கணக்கு. கூட வந்த குருவிகளிடம், 'நான் வெளியே வரும்வரை யாரும் சிரிக்கக்கூடாது' என்றான். பாதி உடல் உள்ளே, கால்கள் வெளியே உதைத்துக்கொண்டிருக்கின்றன. அந்தக் காட்சியைப் பார்த்துவிட்டு, வாலை விசிறிபோல விரிக்கும் ஒரு குட்டிக் குருவியால் அடக்கமுடியவில்லை. சிரித்துவிட்டது. அவள் விழித்துக்கொண்டாள். மாவுயி அங்கேயே நசுங்கிச் செத்தான். அந்த விசிறிவால் குருவி வீட்டுக்குள் நுழைந்தால் சாவு வரும் என்ற நம்பிக்கை அப்புறம் வந்ததுதான்.

மாவோரி சாவுவீட்டில் பேச எழுகிறவர் வந்தவர்களிடம் மட்டும் பேசுவதில்லை. பெட்டியில் கிடப்பவரின் முகத்தைப் பார்த்து நேராகவே பேசுவார், திட்டவும் செய்வார், கேலியும் செய்வார். 'ஹயரே, ஹயரே' என்று வழியனுப்புவார். போய் வா என்று அர்த்தம். எங்கே போவது என்பதையும் சொல்லியே அனுப்புவார்: ஹினே-நுயி-டே-போவிடம்.