வாங்கிய கேம் எந்தக் கணக்கில் இருக்கிறது?

வணக்கம். திருகோணமலை நகரத்திலும், கிண்ணியா, மூதூர், தம்பலகாமம், நிலாவெளிப் பக்கங்களிலும் இந்த நேரத்தில் வானொலிக்குக் காது கொடுத்துக்கொண்டிருக்கும் எல்லோருக்கும் வணக்கம்.

பள்ளி விடுமுறை வந்தால் பல வீடுகளில் ஒரு முறைப்பாடு கேட்கும்: "அம்மா, போன வருஷம் வாங்கின கேமைக் காணேல்லை." போன் மாறியிருக்கும். அல்லது கொம்பியூட்டருக்கு விண்டோஸ் புதிதாகப் போட்டிருப்பார்கள். அல்லது வெளிநாட்டிலிருந்து வந்த பிளேஸ்டேஷன் விளையாட்டு மெஷினை முழுதாக அழித்துத் திரும்ப ஓட விட்டிருப்பார்கள். கேமைக் காணவில்லை, காசு போய்விட்டது என்று நினைத்து அதையே திரும்ப வாங்குகிறார்கள். அப்படி வாங்கமுன் கொஞ்சம் பொறுங்கள். பெரும்பாலும் அந்தக் கேம் எங்கும் போகவில்லை.

ஒன்றை இப்போதே சொல்லிவிடுகிறேன், இன்னும் இரண்டு மூன்று தடவை சொல்வேன். கேம் இருப்பது மெஷினில் இல்லை, கணக்கில். எந்த ஏடிஎம் முன்னால் போய் நின்றாலும் காசு உங்கள் வங்கிக் கணக்கில்தானே இருக்கிறது, அதுபோல. ஆகவே பிள்ளையிடம் "எந்தப் போனில் விளையாடினாய்" என்று கேட்பதைவிட, "எந்த ஈமெயிலால் உள்ளே போனாய்" என்று கேளுங்கள்.

இந்தக் கேள்வி எங்கள் ஊரில் கொஞ்சம் சிக்கலானது. அதற்குக் காரணம் இருக்கிறது. பிளேஸ்டேஷன் கணக்குத் திறக்கும்போது நாட்டைத் தெரிவு செய்யச் சொல்லும். அந்தப் பட்டியலில் இலங்கை இல்லை. ஆகவே ஒருவர் அமெரிக்கா என்று போடுகிறார், இன்னொருவர் இங்கிலாந்து என்று போடுகிறார். கணக்கைத் திறந்த பிறகு அந்த நாட்டை மாற்றவும் முடியாது. பிளேஸ்டேஷன் கிஃப்ட் காட் எந்த நாட்டுக்கு உரியதோ அந்த நாட்டுக் கணக்கில் மட்டுமே ஏறும். டொரோண்டோவில் இருக்கும் மாமா கனடாக் காட் அனுப்பினால் அதற்கென்று கனடாக் கணக்கு ஒன்று திறக்கிறார்கள். இப்படியே ஒரு வீட்டில் ஒரே பெடியனுக்கு மூன்று கணக்கு. மூன்றிலும் கேம் இருக்கிறது, எது எதில் என்று ஒருவருக்கும் தெரியாது.

எனவே தேடல் மின்னஞ்சல் பெட்டியில்தான் தொடங்க வேண்டும். இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்லப்போகிறேன், ஏனென்றால் பாதிப் பிரச்சினை இங்கேயே தீர்ந்துவிடும்.

காசு கொடுத்து எதை வாங்கினாலும் ஒரு பற்றுச்சீட்டு மின்னஞ்சலுக்கு வரும். ஜிமெயிலைத் திறந்து தேடும் கட்டத்தில் ஆங்கில எழுத்தில் ஸ்டீம், பிளேஸ்டேஷன், எபிக், கூகுள் பிளே, அப்பிள், மைக்ரோசொஃப்ட் என்று ஒவ்வொன்றாக அடியுங்கள். ஸ்டீமும் எபிக்கும் கொம்பியூட்டர் கேம் விற்கும் இணையக் கடைகள். கூடவே ரிசீட், இன்வொய்ஸ், ஓடர், பர்ச்சேஸ் என்ற சொற்களையும் ஒவ்வொன்றாகச் சேர்த்துப் பாருங்கள். சாதாரணத் தேடல் ஸ்பாமையும் குப்பைப் பெட்டியையும் பார்க்காது. அவற்றையும் பார்க்க வேண்டுமென்றால், தேடும் சொல்லுக்குப் பிறகு ஓர் இடைவெளி விட்டு, இன், முக்காற்புள்ளி, எனிவேர் என்ற மூன்றையும் இடையில் இடைவெளி இல்லாமல் ஆங்கிலத்தில் அடியுங்கள். வீட்டில் எத்தனை மின்னஞ்சல் இருக்கிறதோ அத்தனையிலும் இதைச் செய்ய வேண்டும். அப்பாவின் மின்னஞ்சலை மறக்க வேண்டாம்; வங்கிக் காட் அப்பாவுடையது என்றால் சீட்டும் சில வேளை அங்கேதான் போயிருக்கும்.

சீட்டுக் கிடைத்தால் கேமின் பெயரோடு நிறுத்தாதீர்கள், கணக்கின் பெயரைப் பாருங்கள். ஸ்டீம் சீட்டில் கணக்குப் பெயர் இருக்கும். பிளேஸ்டேஷன் சீட்டில் ஒன்லைன் ஐடி இருக்கும். கூகுள் பிளேயின் ஓடர் இலக்கம் ஜி, பி, ஏ என்ற எழுத்துகளில் தொடங்கும். ஸ்டீமில் இதை முக்கியமாகச் சொல்கிறேன், ஏனென்றால் ஒரே மின்னஞ்சலின் கீழ் பல ஸ்டீம் கணக்குகள் இருக்கலாம். மின்னஞ்சல் சரி, கடவுச்சொல்லும் சரி, உள்ளே போனால் லைப்ரரி காலி என்றால், நீங்கள் நிற்பது வேறொரு கணக்கில். ஸ்டீமின் உதவிப் பக்கத்தில் கணக்குப் பெயர் மறந்துவிட்டது என்பதைத் தெரிவு செய்து மின்னஞ்சலைக் கொடுத்தால் தேடித் தரும்.

சீட்டு அழிந்துவிட்டதா? வங்கிக் கூற்றைப் பாருங்கள். கூகுளில் வாங்கியது கூகுள் என்ற சொல்லோடும் ஒரு நட்சத்திரக் குறியோடும் இருக்கும், அப்பிளில் வாங்கியது அப்பிள் டொட் கொம் பில் என்று இருக்கும். எந்தக் கடை, எந்தத் திகதி என்பது தெரிந்தால் தேட வேண்டிய இடம் சுருங்கிவிடும்.

இன்னொன்று. இரண்டு வருடம் தொடாமல் விட்ட கூகுள் கணக்குகளைக் கூகுள் அழிக்கலாம். 2023 டிசம்பரிலிருந்து அந்த நடைமுறை இருக்கிறது. பழைய ஜிமெயில் ஒன்றில் கேம் இருக்கிறதென்றால் இன்றைக்கே ஒருமுறை உள்ளே போய் வாருங்கள். அந்தக் கணக்குக்கு இரகசிய இலக்கம் போவது பாவனையில் இல்லாத பழைய சிம்முக்கு என்றால், உள்ளே போக முடிகிற இப்போதே அந்தப் போன் இலக்கத்தை மாற்றிவிடுங்கள்.

சரி, கணக்குத் தெரிந்துவிட்டது. பிளேஸ்டேஷன் 5 என்றால் முகப்புத் திரையின் வலது கோடியில் கேம் லைப்ரரி இருக்கும். அதற்குள் இன்ஸ்டோல்ட் என்பது இந்த மெஷினில் ஏற்றியிருப்பவை, யுவர் கலெக்ஷன் என்பது இந்தக் கணக்குக்குச் சொந்தமானவை. ஒரு கேம் முதலாவதில் இருந்து இரண்டாவதில் இல்லையென்றால், டிஸ்க்கில் வந்த கேமாக இல்லாவிட்டால், அது இதே மெஷினில் இருக்கும் இன்னொருவரின் கணக்கால் வந்தது. மாமா அனுப்பிய மெஷினில் நடப்பது பெரும்பாலும் இதுதான். மாமாவின் கணக்கை அழித்தால் அவருடைய கேம்களுக்கும் பூட்டுக் குறி விழும்.

பூட்டுக் குறியைக் கண்டவுடன் கேமை அழிக்க வேண்டாம். செட்டிங்ஸ், யூசர்ஸ் அண்ட் அக்கவுண்ட்ஸ், அதற்குள் அதர், அதற்குள் ரிஸ்டோர் லைசன்சஸ். இதை ஒருமுறை அழுத்திப் பாருங்கள். அதே இடத்தில் கொன்சோல் ஷெயாரிங் அண்ட் ஒஃப்லைன் பிளே என்று ஒன்று இருக்கும். ஒரு கணக்கின் கேம்களை அதே மெஷினில் மற்றவர்களும் விளையாட விடுவது அது. ஒரு கணக்கு அதை ஒரு பிளேஸ்டேஷன் 5இல் மட்டுமே இயக்கலாம். அண்ணன் தன் கணக்குக்குக் கொழும்பில் இருக்கும் மெஷினில் அதை இயக்கினால், இங்கே தம்பியின் பெயரால் திறக்கும்போது அண்ணன் வாங்கிய கேம் பூட்டிக்கொள்ளும். கேம் பழுதில்லை, உரிமை கொழும்புக்குப் போயிருக்கிறது. பழைய மெஷினை விற்றுவிட்டவர்கள் இணையத்தில் கணக்குக்குள் போய் எல்லாக் கருவிகளையும் ஒரேயடியாக விலக்கலாம், ஆனால் ஆறு மாதத்துக்கு ஒரு தடவைதான்.

இனி சந்தா. பிளேஸ்டேஷன் பிளஸ்ஸில் கிடைத்தவற்றை வாங்கியவை என்று பிள்ளைகள் நினைக்கிறார்கள். மாதாந்தக் கேமை ஒருமுறை சேர்த்துக்கொண்டால் சந்தா உள்ளவரை விளையாடலாம். சந்தா நின்றால் பூட்டும், திரும்பக் கட்டினால் திறக்கும். எக்ஸ்ட்ரா, பிரீமியம் பிரிவுகளில் வரும் கேட்டலொக் கேம்கள் வேறு. அவற்றைக் கொம்பனி பட்டியலிலிருந்து எடுத்துவிட்டால், நீங்கள் சந்தா கட்டிக்கொண்டிருந்தாலும் விளையாட முடியாது. எக்ஸ்பொக்ஸ் கேம் பாஸும் இப்படித்தான். எனவே காணாமல் போன கேமைத் தேடமுன், அது வாங்கியதா, சந்தாவில் வந்ததா, டிஸ்க்கில் வந்ததா என்று கேளுங்கள். டிஸ்க் என்றால் அது கலெக்ஷனில் தேடும் பொருளே இல்லை, டிஸ்க்கைத்தான் தேட வேண்டும்.

கொம்பியூட்டருக்கு வருவோம். ஸ்டீமில் கணக்கு சரியாக இருந்தும் கேம் தெரியவில்லையென்றால் மூன்று இடம். ஒன்று, பட்டியலுக்கு மேலே ஏற்றிய கேம்களை மட்டும் காட்டும் ஒரு வடிகட்டி இருக்கும். அது அமுங்கியிருந்தால் மற்றவை மறையும். இரண்டு, வியூ மெனுவுக்குள் ஹிடன் கேம்ஸ். மூன்று, கணக்கு விபரத்துக்குள் லைசன்சஸ் அண்ட் புரொடக்ட் கீ அக்டிவேஷன்ஸ் என்ற பக்கம். அந்தக் கணக்குக்கு எந்தத் திகதியில் எது வந்தது, கடையில் வாங்கியதா, கீ எனும் குறியீட்டைப் போட்டதா, பரிசா என்பதெல்லாம் அங்கே இருக்கும். அந்தப் பட்டியலில் இல்லாத கேம் அந்தக் கணக்கில் இல்லை. வேறு கணக்கைத் தேடுங்கள்.

எபிக் ஸ்டோரில் சிக்கல் வேறு விதமானது. உள்ளே போகும் பக்கத்தில் கூகுள், ஃபேஸ்புக், பிளேஸ்டேஷன், எக்ஸ்பொக்ஸ், அப்பிள் என்று பல பொத்தான்கள். முதல் தடவை ஃபேஸ்புக்கால் போனவர் அடுத்த தடவை கூகுளை அழுத்தினால், புதிதாக வெறும் கணக்கு ஒன்று பிறந்துவிடும். பிள்ளை பதறும். வெளியே வந்து மற்றப் பொத்தான்களையும் ஒவ்வொன்றாக அழுத்திப் பாருங்கள்.

இங்கே ஜிடிஏ 5ஐச் சொல்லாமல் போக முடியாது. 2020 மே மாதம், ஊரடங்குக் காலம், எபிக் அந்தக் கேமை ஒரு வாரம் இலவசமாகக் கொடுத்தது. அந்த வாரத்தில் எடுத்தவர்களுக்கு அது இன்றைக்கும் சொந்தம். அது சந்தா இல்லை, பறிபோகாது. ஆனால் எடுத்த பிள்ளைக்கு அப்போது பன்னிரண்டு வயது, யாருடைய மின்னஞ்சலால் எடுத்தது என்று மறந்துவிட்டது, இப்போது ஸ்டீமில் தேடுகிறது. ஸ்டீமில் வராது. எபிக்கில் எடுத்தது எபிக் லைப்ரரியில் மட்டும்தான் இருக்கும். அதோடு, அந்தக் கேம் திறக்க, அதைச் செய்த ரொக்ஸ்டார் கொம்பனியின் கணக்கும் வேண்டும். எபிக் கணக்கைக் கண்டுபிடித்த பிறகும் ரொக்ஸ்டார் கடவுச்சொல்லில் நிற்பவர்கள் உண்டு. கேம் ஒரு கணக்கில், விளையாடிய நிலை இன்னொரு கணக்கில். யுபிசொஃப்ட், ஈஏ கேம்களிலும் இதே இரட்டைக் கணக்கு வரும். இரண்டையும் எழுதி வையுங்கள்.

மைன்கிராஃப்டுக்கு மட்டும் ஒரு கசப்பான செய்தி. அந்தக் கேமைச் செய்த மோஜாங் கொம்பனியின் பழைய கணக்குகளை மைக்ரோசொஃப்ட் கணக்குக்கு மாற்றக் கொடுத்த காலம் 2023 செப்டெம்பர் 19ஆம் திகதியோடு முடிந்துவிட்டது. மாற்றாமல் விட்டவர்கள் அதைத் திரும்ப வாங்கத்தான் வேண்டும். போனில் வாங்கிய மைன்கிராஃப்டும் கொம்பியூட்டருக்கு வராது, அவை தனித்தனி.

பல கடைகளில் கேம் சிதறிக் கிடப்பவர்களுக்கு பிளேநைட் என்று விண்டோஸில் ஓடும் ஓர் இலவச மென்பொருள் இருக்கிறது. ஸ்டீம், எபிக், ஜிஓஜி, எக்ஸ்பொக்ஸ் எல்லாவற்றையும் அதோடு இணைத்தால் ஒரே பட்டியலில் தெரியும். ஏற்றாத கேமும் தெரியும்.

முகநூலில் மலிவாகக் கணக்கையே விற்கிறார்கள், ஐம்பது கேமோடு. வாங்காதீர்கள். முதலில் திறந்தவரிடம் பழைய பற்றுச்சீட்டு இருக்கிறது. அதைக் காட்டி அவர் எந்த நாளும் கணக்கைத் திரும்ப எடுக்கலாம். நீங்கள் முறையிட இடமில்லை.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கை காட்டுகிறார்கள், நேரம் நெருங்கிவிட்டது. போனைப் பற்றி நிறையச் சொல்ல இருந்தது, வேகமாகச் சொல்கிறேன். அண்ட்ரொய்டில் பிளே ஸ்டோரைத் திறந்து உங்கள் படத்தை அழுத்துங்கள், மனேஜ் அப்ஸ் அண்ட் டிவைஸ், பிறகு மனேஜ். அங்கே இன்ஸ்டோல்ட் என்று இருப்பதை நொட் இன்ஸ்டோல்ட் என்று மாற்றினால் பழையவை வரும். போனில் இரண்டு ஜிமெயில் இருந்தால் இரண்டிலும் பாருங்கள். ஐபோன் என்றால் அப் ஸ்டோரில் உங்கள் படத்தை அழுத்தினால் முன்பு வாங்கியவற்றின் பட்டியல் வரும். அண்ட்ரொய்டில் வாங்கியது ஐபோனுக்கு வராது. ஃப்ரீ ஃபயர் கேமில் எதோடும் இணைக்காத கெஸ்ட் கணக்கால் விளையாடும் பிள்ளைகள், போனை மாற்றமுன் அதை ஃபேஸ்புக்கோடோ கூகுளோடோ இணைத்துவிட வேண்டும். இணைக்காமல் போனை விற்றால் கேமுக்குள் வாங்கிய வைரங்களும் போனோடு போய்விடும்.

கடைசியாக டேட்டா. 100 ஜிபி கேம் ஒன்றைப் பத்து எம்பிபிஎஸ் இணைப்பில் இறக்க ஏறக்குறைய 22 மணித்தியாலம் வேண்டும். வீட்டில் இன்னொரு கொம்பியூட்டரில் அதே ஸ்டீம் கேம் இருந்தால், இரண்டையும் ஒரே ரவுட்டரில் இணைத்து, செட்டிங்ஸில் டவுன்லோட்ஸ் பகுதிக்குள் கேம் ஃபைல் டிரான்ஸ்ஃபர் என்பதை இயக்குங்கள். டேட்டா செலவாகாமல் ஒன்றிலிருந்து மற்றதுக்கு வரும். எக்ஸ்பொக்ஸுக்கும் நின்டெண்டோவுக்கும் இன்று நேரம் போதவில்லை. அவற்றிலும் முதல் வேலை பற்றுச்சீட்டைத் தேடுவதுதான். நன்றி, வணக்கம்.