பணம் எங்கிருந்து வரும் என்று கேட்ட குடியரசுத் தலைவர்

அவையோர் அனைவருக்கும் வணக்கம்.

பொருளியல் பேராசிரியர்கள் ஆட்சிக் கட்டிலுக்கு வருவது இத்தாலிக்குப் புதிதல்ல. ரோமானோ புரோடி, மரியோ மோன்டி, மரியோ டிராகி என நம் கண்ணெதிரிலேயே மூவர் அந்நாட்டின் பிரதமர்களாக இருந்திருக்கிறார்கள். அவர்களுக்கெல்லாம் மூத்தவரும், பேராசிரியராக இருந்து இத்தாலியின் குடியரசுத் தலைவரானவருமான லூயிஜி எய்னாவ்டியைப் பற்றிப் பேசவே இன்று வந்திருக்கிறேன்.

அவர் 1874 மார்ச் 24 அன்று வட இத்தாலியின் பீட்மான்ட் பகுதியிலுள்ள கர்ரூ என்ற சிற்றூரில், வரி வசூலிக்கும் உரிமை பெற்றிருந்த ஒருவரின் மகனாகப் பிறந்தார். சிறு வயதிலேயே தந்தையை இழந்ததால், தாயின் ஊரான தொலியானியில் வளர்ந்தார். 21 வயதில் டூரின் பல்கலைக்கழகத்தில் சட்டப் பட்டம் பெற்ற அவர், 1902 முதல் அங்கேயே பொது நிதியியல் பேராசிரியராக இருந்தார். இதற்கிடையே 1897இல் தொலியானியை அடுத்து சான் ஜாக்கோமோ என்ற பண்ணையை வாங்கித் திராட்சைத் தோட்டம் போட்டார். அவர் பெயரில் இன்றும் அங்கே ஒயின் வடிக்கப்படுகிறது. வரியைப் பற்றி வகுப்பெடுத்தவர் வரி கட்டும் விவசாயியாகவும் இருந்தார் என்பதை மறந்துவிட்டு அவர் எழுத்தைப் படித்தால் பாதிதான் விளங்கும். சேமிப்பின் மீது வரி போடுவது ஒரே வருமானத்துக்கு இருமுறை வரி போடுவதாகும் என்று அவர் ஆயுள் முழுவதும் வாதிட்டார்.

அவருடைய எழுத்து வகுப்பறைக்குள் அடங்கவில்லை. ‘கொரியேரே தெல்லா சேரா’ நாளிதழில் கால் நூற்றாண்டுக் காலம் எழுதினார். முதல் உலகப் போர் முடிகிற தறுவாயில், ஜூனியஸ் என்ற புனைபெயரில் அவர் எழுதிய மடல்கள், நாடுகள் தங்கள் இறையாண்மையில் ஒரு பகுதியை விட்டுக்கொடுக்காதவரை போருக்குப் பின் அமையவிருந்த உலக நாடுகளின் சங்கம் வெறும் பெயரளவிலேயே நிற்கும் என்றும், ஐரோப்பாவுக்குத் தேவை கூட்டாட்சியே என்றும் வாதிட்டன. இருபதாண்டுகளுக்குப் பின், முசோலினி அரசு வென்டோடேனே தீவில் காவலில் வைத்திருந்த அல்டியேரோ ஸ்பினெல்லியும் எர்னெஸ்டோ ரோஸ்ஸியும் அந்த மடல்களைப் படித்தார்கள். ரோஸ்ஸி கேட்டதற்கு இணங்கி ஆங்கிலக் கூட்டாட்சிவாதிகளின் நூல்களையும் எய்னாவ்டி அனுப்பிவைத்தார். ஐரோப்பிய ஒன்றியத்தின் மூல ஆவணங்களுள் ஒன்றாகக் கருதப்படும் அவ்விருவரின் 1941ஆம் ஆண்டு அறிக்கை அந்தத் தீவில்தான் எழுதப்பட்டது.

பாசிசத்தை அவர் எப்படி எதிர்கொண்டார் என்பதைப் பூசி மெழுகாமல் சொல்லவேண்டும். தொடக்க ஆண்டுகளில் முசோலினி அரசின் சிக்கனக் கொள்கையை அவர் பாராட்டியது உண்மை. 1925இல் தத்துவ அறிஞர் பெனெடெட்டோ குரோச்சேயின் பாசிச எதிர்ப்பு அறிக்கையில் கையெழுத்திட்டதும், அதே ஆண்டு ‘கொரியேரே’யை விட்டு விலகியதும் உண்மை. 1931இல் பேராசிரியர்கள் ஆட்சிக்கு விசுவாசப் பிரமாணம் எடுக்கவேண்டும் என்று ஆணை வந்தபோது, ஆயிரத்துக்கும் மேற்பட்டோரில் ஏறத்தாழப் பன்னிருவர் மட்டுமே மறுத்தனர்; அந்தப் பன்னிருவரில் எய்னாவ்டி இல்லை. பாசிஸ்டுகள் கையில் வகுப்பறையை ஒப்படைத்துவிடக் கூடாது என்று குரோச்சேயே அறிவுரை கூறினார் என்பர். எனக்கு அந்தச் சமாதானம் பாதிதான் ஒப்புகிறது. அவர் ஆசிரியராக இருந்த ‘சமூகச் சீர்திருத்தம்’ என்ற ஆய்விதழை 1935இல் ஆட்சி எப்படியும் மூடிவிட்டது. 1943இல் ஜெர்மானியப் படை நாட்டைப் பிடித்ததும், 69 வயதில் மனைவி ஈடாவுடன் ஆல்ப்ஸ் மலையைக் கடந்து சுவிட்சர்லாந்தில் அடைக்கலம் புகுந்தார்.

1945 ஜனவரியில் நாட்டின் மத்திய வங்கியான இத்தாலிய வங்கியின் ஆளுநரானார். 1947 மே மாத இறுதியில் பிரதமர் தெ காஸ்பெரி இடதுசாரிகள் இல்லாத அமைச்சரவையை அமைத்தபோது, துணைப் பிரதமர் பொறுப்பும், விரைவில் வரவு செலவுத் துறையும் அவரிடம் வந்தன. வங்கியின் அன்றாட வேலையை டொனாட்டோ மெனிகெல்லா கவனித்தார். அப்போது விலைவாசி மாதத்துக்கு மாதம் ஏறிக்கொண்டிருந்தது. விலை ஏறும் என்பது உறுதியானால் வியாபாரி என்ன செய்வான்? வங்கியில் கடன் வாங்கிச் சரக்கைக் கிடங்கில் அடைப்பான். விலை ஏறிய பின் அதில் ஒரு பங்கை விற்றாலே கடன் அடைந்துவிடும். அதாவது வங்கிக் கடன்தான் பதுக்கலுக்குத் தீனி போட்டது. எய்னாவ்டி கைவைத்தது அங்கேதான். வங்கிகள் தங்கள் வைப்புத்தொகையில் ஒரு பங்கை மத்திய வங்கியிலோ அரசுப் பத்திரங்களிலோ முடக்கவேண்டும் என்றும், 1947 அக்டோபரிலிருந்து புதிதாக வரும் வைப்பில் 40 விழுக்காட்டை ஒதுக்கவேண்டும் என்றும் விதி வந்தது. மத்திய வங்கியின் வட்டி 4 விழுக்காட்டிலிருந்து 5.5 ஆனது. வங்கிகள் கடன் கொடுக்கும் கையை இறுக்க, பணத்துக்குத் திண்டாடிய பதுக்கல்காரர்கள் கிடங்குகளைத் திறந்தார்கள். அந்த இலையுதிர் காலத்திலேயே விலை இறங்கத் தொடங்கியது.

அதற்கு விலையும் கொடுக்கவேண்டியிருந்தது. தொழில் உற்பத்தி தேங்கியது, வேலையின்மை நீடித்தது. இத்தாலி அந்நியச் செலாவணி இருப்பைச் சேர்த்து வைக்கிறதே தவிர முதலீடு செய்யவில்லை என்று, போருக்குப் பின் ஐரோப்பாவுக்கு நிதியுதவி அளித்த மார்ஷல் திட்டத்தை நடத்திய அமெரிக்கர்களே குறை சொன்னார்கள். இத்தாலிய நாணயமான லிரா காப்பாற்றப்படாமல் அடுத்த பத்தாண்டு வளர்ச்சி வந்திருக்குமா என்று ஆதரவாளர்கள் கேட்கிறார்கள். அந்தக் கேள்விக்கு அவர்கள் பக்கமே நான் சாய்கிறேன். ஆனால் வேலையிழந்த தொழிலாளியிடம் இதைச் சொல்லும் துணிவு எனக்கில்லை.

அரசியல் நிர்ணய சபையிலும் அவர் உறுப்பினர். புதிய செலவை உண்டாக்கும் எந்தச் சட்டமும் அதற்கான பணம் எங்கிருந்து வரும் என்பதையும் காட்டவேண்டும் என்று அரசியலமைப்பின் 81ஆவது பிரிவில் இடம்பெற்றதற்கு அவரும் அரசியல்வாதி எட்சியோ வனோனியும் முக்கியக் காரணம். 1948 மே 11 அன்று, நான்காம் சுற்று வாக்கெடுப்பில், நாடாளுமன்றம் அவரைக் குடியரசுத் தலைவராகத் தேர்ந்தெடுத்தது. 1946 பொது வாக்கெடுப்பின்போது முடியாட்சிக்கே வாக்களிப்பேன் என்று வெளிப்படையாக எழுதியவர், மன்னர்கள் வாழ்ந்த குயிரினாலே மாளிகைக்குக் குடியரசின் தலைவராகக் குடிபுகுந்தார். கால் ஊனத்தால் கைத்தடி ஊன்றி நடந்த அவர், படை அணிவகுப்பை எப்படிப் பார்வையிடுவது என்று தயங்கினாராம். ஏழாண்டுப் பதவிக்காலத்தில் நான்கு சட்டங்களை நாடாளுமன்றத்துக்குத் திருப்பி அனுப்பினார். 81ஆவது பிரிவு அங்கே வெறும் எழுத்தாக இருக்கவில்லை.

மாளிகையில் ஒரு விருந்தின் இறுதியில் பழத்தட்டு வந்தது. பேரிக்காய்கள் மிகப் பெரியவையாக இருந்தன. “எனக்கு முழுதும் வேண்டாம்; யாராவது பாதியைப் பகிர்ந்துகொள்கிறீர்களா?” என்ற பொருளில் தலைவர் கேட்டார். பரிமாறியவர்கள் திகைத்து நின்றார்கள். கை உயர்த்திப் பாதியைப் பெற்றுக்கொண்ட எழுத்தாளர் பின்னாளில் அதை எழுதிவைத்ததால் நமக்கு அது கிடைத்தது. இதைக் கஞ்சத்தனம் என்று சிரிப்பவர்கள் உண்டு. அரண்மனைத் தட்டில் வீணாகும் பாதிப் பழமும் யாரோ கட்டிய வரி என்று நினைக்கும் மனம் அது என்றே நான் கொள்கிறேன்.

1955இல் பதவி முடிந்ததும் மறுபடி பேனாவை எடுத்தார். அறிவுரை சொல்லி யார் திருந்தினார்கள் என்ற கேலியோடு, ‘பயனற்ற பிரசங்கங்கள்’ என்று தலைப்பிட்டுக் கட்டுரைகளைச் சிறு சிறு தொகுதிகளாக வெளியிட்டார். முதலில் அறிந்துகொள், பிறகு முடிவெடு என்ற அவருடைய வாசகம் அங்கிருந்துதான் பரவியது. 1961 அக்டோபர் 30 அன்று ரோமில் காலமானார். அந்தப் பிரசங்கங்களை அச்சிட்டது மகன் ஜூலியோவின் பதிப்பகம். தந்தை குடியரசுத் தலைவராக இருந்த ஆண்டுகளில், கம்யூனிஸ்ட் தலைவர் கிராம்ஷியின் சிறைக் குறிப்பேடுகளை வெளியிட்டதும் அதே பதிப்பகம்தான்.