சைக்கிளை விட்டு இறங்கியவர்கள்

நேயர்களுக்கு வணக்கம். மலேசியாவின் சிலாங்கூர் மாநிலத்துப் பந்திங்கிலிருந்து இந்த வானொலி நிலையத்துக்கு வரும் வழியில் பாதி தூரம் செம்பனைதான். நான் பிறந்தபோது அதெல்லாம் பால்மரக் காடு, அதாவது ரப்பர் மரங்கள். கலாச்சாரச் சின்னங்களும் கூட்ட அடையாளமும் சண்டைக்கும் சமாதானத்துக்கும் எப்படிக் காரணமாகின்றன என்று பேசச் சொல்லி நிலையத்தார் கடிதம் போட்டிருந்தார்கள். பெரிய தலைப்பு. நான் முப்பது வருஷம் தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் வாத்தியாராக இருந்தவன், பேராசிரியர் இல்லை. அதனால் எனக்குத் தெரிந்த ஒரு சைக்கிளிலிருந்து ஆரம்பிக்கிறேன்.

சைக்கிள் என் தாத்தாவுடையது. பின்னால் இரண்டு பக்கமும் ரப்பர் பால் வாளி தொங்கும். அவர் காலத்தில் தோட்டத்தில் எழுதாத சட்டம் ஒன்று இருந்தது. எதிரே தோட்ட நிர்வாகியான வெள்ளைக்காரத் துரை வந்தால் சைக்கிளை விட்டு இறங்கி ஓரமாக நிற்க வேண்டும். துரைக்கு மட்டுமல்ல, கணக்கெழுதும் கிராணிக்கும் இறங்க வேண்டும். இரண்டு வாளி நிறையப் பாலோடு செம்மண் சரிவில் சைக்கிளை நிறுத்தி இறங்கிப் பாருங்கள், தெரியும். வாளி ஆடும், பால் தளும்பும், சிந்தியது ஸ்டோரில் எடைக்கு வராது. அவர் சொல்வார்: "காசு போனது போகட்டும் தம்பி. நாம இறங்கி நிக்கிறதை அந்த ஆளு திரும்பிக்கூடப் பாக்க மாட்டான். அதுதான் உள்ளே எரியும்."

1941-இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் வேலைநிறுத்தம் வெடித்தது. தொழிலாளர்கள் வைத்த கோரிக்கைகளைப் படித்தால் முதலில் கண்ணில் படுவது கூலி. சீனத் தொழிலாளிக்கு என்ன கூலியோ அதுவே எங்களுக்கும் வேண்டும் என்றார்கள். கள்ளுக்கடையை மூடு, பிள்ளைகளுக்கு ஒழுங்கான படிப்பு கொடு, பெண்களிடம் தவறாக நடப்பதை நிறுத்து என்றார்கள். அந்த வரிசையிலேயே இன்னொன்றும் இருந்தது: துரையையும் கிராணியையும் கண்டால் சைக்கிளை விட்டு இறங்க மாட்டோம். சில்லறை விஷயம் என்று அன்று சிரித்தவர்கள் இருந்திருப்பார்கள். என் தாத்தா சிரிக்கவில்லை.

அந்த வருஷம் இன்னொரு பொருளும் தோட்டத்துக்குள் வந்தது. காந்தித் தொப்பி. வெள்ளைக் கதர், மடித்தால் சட்டைப் பைக்குள் அடங்கிவிடும். அதைப் போட்டுக்கொண்டு வேலைக்கு வந்தவர்களைக் கண்டு துரைமார்களுக்கு ஆத்திரம். ஒரு முழத் துணிக்கு ஏன் அவ்வளவு பயம்?

என் எண்ணம் இது. கங்காணி ஆள் சேர்த்தபோது தன் ஊர், தன் சாதி என்று பார்த்துத்தான் கப்பலேற்றினார். வந்த பிறகும் லயம் லயமாக, அதாவது வரிசை வீடுகளில், அப்படியே குடியிருந்தார்கள். ஒரு லயத்துக்காரன் இன்னொரு லயத்தில் தண்ணீர் குடிக்க யோசித்த காலம் உண்டு. துரைக்கு அது வசதி. தொப்பி வந்ததும் எந்தத் தலை எந்த லயத்துத் தலை என்று தெரியாமல் போயிற்று. காலையில் பேர் கூப்பிடும் பிரட்டுக்களத்தில் நின்று பார்த்தால் எல்லாம் ஒரே வெள்ளை. துரை பயந்தது அந்த வெள்ளைக்கு.

அந்த மே மாதம் போராட்டத்துக்குத் தலைமை தாங்கிய ஆர். எச். நாதனைக் கைது செய்தார்கள். பிறகு இந்தியாவுக்கு நாடு கடத்தினார்கள். கைதைக் கேட்டு வேலைநிறுத்தம் பரவியது, பட்டாளம் வந்தது, துப்பாக்கிச் சூட்டில் ஐந்து தொழிலாளர்கள் செத்தார்கள். அதே வருஷம் டிசம்பரில் ஜப்பான்காரன் வந்துவிட்டான். துரைமார்கள் சைக்கிளை மட்டுமல்ல, காரையும் விட்டு இறங்கி ஓடினார்கள்.

இந்தக் கதையை இங்கேயே நிறுத்தினால் நமக்கெல்லாம் பெருமையாக இருக்கும். ஆனால் நான் படிவம் மூன்று படித்த வருஷம் எங்கள் தோட்டத்து மாரியம்மன் திருவிழாவில் நடந்ததையும் சொல்லியாக வேண்டும்.

எங்கள் தோட்டத்தில் மேட்டு லயம், பள்ளத்து லயம் என்று இரண்டு. கரகம் ஆற்றங்கரையில் ஜோடித்துக் கிளம்பும் முன் பூசாரி ஒருவருக்குப் பரிவட்டம், அதாவது மரியாதைக்குத் தலையில் கட்டும் பட்டுத் துணி, கட்டுவார். அது வழிவழியாக மேட்டு லயத்துப் பெரியவருக்கு. அவருடைய பாட்டனார் கங்காணியாக இருந்தவர். அந்த வருஷம் பள்ளத்து லயத்துக்காரர்கள், "நாங்களும் ஒரு நாள் சம்பளம் வரி கட்டுகிறோம், எங்களுக்கும் ஒரு வருஷம் கட்டு" என்றார்கள். பேச்சு வளர்ந்தது. கரகம் எடுத்தவர் தலையில் செம்போடு வெயிலில் நிற்கிறார், வேப்பிலை வாடுகிறது, உறுமிக்காரர் அடிப்பதா நிறுத்துவதா தெரியாமல் முழிக்கிறார். யாரோ தட்டிலிருந்த பட்டுத் துணியைப் பிடித்து இழுத்தார்கள். வேறு யாரோ மறு முனையைப் பிடித்தார்கள். சர்ரென்று கிழிந்த சத்தம் எனக்கு இன்னும் கேட்கிறது.

இரண்டு வருஷம் திருவிழா இல்லை. பேசி முடித்த ஒரு கல்யாணம் நின்றுபோனது. அம்மா பள்ளத்து லயத்தில் கறிவேப்பிலை கேட்பதை நிறுத்தினார். குழாயடியில் மட்டும் சண்டை வரவில்லை. தண்ணீர் காலையில் ஒரு மணி நேரம்தான் வரும், சண்டை போட்டால் குடம் நிறையாது.

காந்தித் தொப்பி போட்டவர்களின் பிள்ளைகள்தான் இவர்கள். துரைக்கு முன்னால் இறங்க மாட்டோம் என்றவர்களே தங்களுக்குள் ஒருவனை இன்னொருவன் இறங்கி நிற்கச் சொன்னார்கள். சின்னம் எதுவானாலும் நான் முதலில் பார்ப்பது இதைத்தான்: இதை வைத்து யார் யாரைச் சைக்கிளை விட்டு இறக்குகிறார்கள்?

இது நம் ஆட்களின் குணம் மட்டும் என்று நினைக்க வேண்டாம். ஹென்றி தாஜ்ஃபெல் என்ற உளவியல் அறிஞர் இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகரத்தில் பதினான்கு, பதினைந்து வயதுப் பையன்களை வைத்துச் செய்த ஆய்வு ஒன்று 1971-இல் வெளிவந்தது. சில ஓவியங்களைக் காட்டி, நீ கிளே ஓவியத்தை ரசிப்பவன், நீ காண்டின்ஸ்கியை ரசிப்பவன் என்று இரண்டாகப் பிரித்தார். உண்மையில் அது சீட்டுக் குலுக்கிப் போட்ட மாதிரிதான். பிறகு, முகம் தெரியாத மற்றப் பையன்களுக்குக் காசைப் பங்கிடச் சொன்னார். தன் கூட்டத்தானுக்குக் கூடக் கொடுத்தார்கள், அதில் அதிசயம் இல்லை. பல நேரம் தன் ஆளுக்குக் கிடைப்பது குறைந்தாலும் சரி, அடுத்தவனுக்கு அதைவிடக் குறைய வேண்டும் என்று பங்கிட்டார்கள். எதிரிக்குச் சகுனத்தடை என்று தன் மூக்கை அறுத்துக்கொள்வது என்று நம்மூரில் சொல்வோமே, அதேதான். எங்கள் திருவிழாவும் அப்படித்தான் நின்றது.

இன்னொன்று 1954-இல் அமெரிக்காவின் ஓக்லஹோமாவில் நடந்தது. முசாபர் ஷெரிஃப் என்பவர் இருபத்திரண்டு சிறுவர்களை முகாமுக்கு அழைத்துப்போய் இரண்டு அணியாக்கினார். ஓர் அணி கழுகு, மற்றது பாம்பு. ஆளுக்கொரு கொடி. போட்டி ஆரம்பித்த பிறகு கழுகு அணி பாம்பு அணியின் கொடியைக் கொளுத்தியது. சில நாள் முன்புவரை இல்லாத கொடி அது! பிறகு குடிதண்ணீரை நிறுத்தி, இரண்டு அணியும் சேர்ந்து குழாயைத் தேடும்படி செய்தார். லோரி கிளம்பவில்லை என்று சொல்லி, கயிறு கட்டி இழுக்க வைத்தார். கயிறு இழுக்கும் போட்டிக்கு எதிரெதிராகப் பிடித்த அதே கயிறு. மெல்ல மெல்லப் பகை கரைந்தது.

பலர் இத்தோடு நிறுத்திவிடுவார்கள். அதற்கு முந்தின வருஷம் அவர் இதே சோதனையை வேறு இடத்தில் செய்து தோற்றார் என்பதுதான் எனக்குப் பிடித்த பகுதி. அந்தப் பையன்கள் பிரிக்கப்படும் முன்பே நண்பர்களாகிவிட்டார்கள். மூட்டிவிடுவது முகாமை நடத்தும் பெரியவர்கள்தான் என்று சந்தேகப்பட்டுச் சண்டை போட மறுத்துவிட்டார்கள். வாத்தியாரான எனக்கு இதைவிட நல்ல செய்தி வேண்டாம்.

நம் நாட்டுக்கு வருவோம். தோட்டத்துக் கோயில்கள் பெரும்பாலும் கம்பெனி நிலத்தில் எழுந்தவை. சாமி நம்முடையது, மண் கம்பெனியுடையது. பட்டா கேட்கும் எண்ணமே யாருக்கும் வரவில்லை. தோட்டம் வீடமைப்பு நிறுவனத்துக்கு விலைபோன அன்று, நூறு வருஷக் கோயில் காகிதத்தில் அத்துமீறலாகிவிடுகிறது. 2009 ஆகஸ்டில், ஷா ஆலமில் ஒரு கோயிலை இடம் மாற்றுவதை எதிர்த்துச் சிலர் வெட்டிய மாட்டுத் தலையை மாநில அரசுச் செயலகத்துக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். கோயில் வேண்டாம் என்பது ஒரு கருத்து, அதைக் காகிதத்தில் எழுதிக் கொடுக்கலாம். மாட்டுத் தலை கருத்து இல்லை. நம்மைச் சைக்கிளை விட்டு இறங்கச் சொல்வது அது. 2018 நவம்பரில் சீபீல்டு மாரியம்மன் கோயில் விவகாரம். அடிப்படையில் நிலத் தகராறு. ஓர் இரவுக்குள் கைத்தொலைபேசிகளில் அது இனச் சண்டையாகிவிட்டது. காயம்பட்ட ஓர் இளம் தீயணைப்பு வீரர் அடுத்த மாதம் இறந்துபோனார். அவர் நெருப்பை அணைக்க வந்தவர்.

பந்திங் சாலையோரங்களில் சிவப்புச் சாயம் அடித்த சின்னக் கூண்டுகளைப் பார்த்திருப்பீர்கள். உள்ளே சொங்கோக் தொப்பி வைத்த மலாய் முஸ்லிம் பெரியவர் சிலை. சீனர்கள் கும்பிடும் டத்தோ சாமி. கடைக்காரத் தவுக்கே, அதாவது சீன முதலாளி, ஊதுபத்தி ஏற்றுவார், வெற்றிலை பாக்கு வைப்பார், பன்றி இறைச்சியை மட்டும் அந்தப் பக்கமே கொண்டுபோக மாட்டார். யாரும் அவருக்குச் சுற்றறிக்கை அனுப்பவில்லை. இந்த மண்ணின் பெரியவருக்கு ஆகாதது என்று அவராக ஒதுங்கினார். ஒருவர் தானாக இறங்குவதற்கும் இறக்கப்படுவதற்கும் உள்ள வித்தியாசத்தை அந்தக் கூண்டு எனக்குக் காட்டியது. அவர் மகனுக்கு மாரியம்மன் தீமிதிக்கு நேர்த்திக்கடன் இருந்தது என்பது வேறு கதை, நேரம் இல்லை.

எங்கள் தோட்டமும் விலைபோனது. மேட்டு லயமும் பள்ளத்து லயமும் இப்போது ஒரே தாமானில், அதாவது குடியிருப்புப் பகுதியில், மாடி வீடுகளில். நில அலுவலகத்துக்கு நடையாய் நடந்து, தாமான் ஓரத்தில் கோயிலுக்கு ஒரு துண்டு இடம் வாங்கினோம். அலுவலகப் பெஞ்சில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து ஒரே பொட்டலத்து நாசி லெமாக்கைப் பிரித்துச் சாப்பிட்டவர்கள் அன்று அந்தப் பட்டுத் துணியை இழுத்தவர்களின் பிள்ளைகள்தான். அதனால் பரிவட்டப் பிரச்சினை தீர்ந்ததா என்றால், இல்லை. போன வாரக் கூட்டத்தில்கூட, இந்த வருஷம் யாருக்குக் கட்டுவது என்று ஒருவர் எழுந்தார். இன்னொருவரும் எழுந்தார். பூசாரி தட்டைத் துடைத்துக்கொண்டே, "கோயில் குழாயில மூணு நாளா தண்ணி வரல, முதல்ல ரெண்டு பேரும் போய் அதைப் பாருங்க" என்றார். போனார்கள். நான் இன்று காலை கிளம்பும்போது மண்வெட்டியோடு இன்னும் தோண்டிக்கொண்டுதான் இருந்தார்கள்.

வணக்கம்.