காலத்தை வளைக்கும் உலோகம் உண்மையில் இருக்கிறதா? உங்கள் வீட்டு மத்தாப்பைக் கேளுங்கள்!

[காட்சி: இருட்டு. தீப்பெட்டி மத்தாப்பு உரசப்படுகிறது. பளீரென்று சிவப்பு.]

தீபாவளி இரவில் இந்தச் சிவப்பை நீங்கள் எத்தனை முறை பார்த்திருப்பீர்கள்! சிவகாசியில் இதற்காகச் சேர்க்கும் உப்புகளில் ஸ்ட்ரான்சியம் என்ற தனிமம் இருக்கிறது. அதே தனிமத்தை வைத்துத்தான், ஒரு மில்லிமீட்டர் உயரத்துக்குள் காலம் வளைந்து கிடப்பதை அளந்து காட்டியிருக்கிறார்கள். ஒரு மில்லிமீட்டர் என்றால் உங்கள் கைவிரல் நகத்தின் ஓரத்து வெள்ளைக் கோடு. இந்த வீடியோவைக் கடைசிவரை பாருங்கள்.

வணக்கம். விண்வெளிக் கதைகளில் அடிக்கடி ஓர் அபூர்வ உலோகம் வரும். விண்கல்லில் கிடைக்கும், கையளவு வைத்திருப்பவனுக்கு நேரம் மெதுவாக ஓடும். சிறுவயதில் தனிம அட்டவணையில் அதைத் தேடியிருக்கிறேன். இன்று அட்டவணையில் 118 தனிமங்கள் இருக்கின்றன. அவற்றில் அப்படி ஒன்றும் இல்லை.

பின்னணியை ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறேன். 1915-ல் ஐன்ஸ்டைன் சொன்னது இதுதான்: நிறை எங்கே இருக்கிறதோ, அதன் அருகில் காலம் மெதுவாக ஓடும். இரும்போ, மண்ணோ, தண்ணீரோ, எந்த நிறையானாலும் சரி. ஆகவே காலத்தை வளைக்க அபூர்வ உலோகம் தேவையே இல்லை. நீங்கள் நிற்கும் பூமியே அந்த வேலையைச் செய்துகொண்டிருக்கிறது. வளைவைக் கண்டுபிடிக்கும் அணுதான் அபூர்வம்.

[காட்சி: பழைய விமான நிலையம்.]

முதலில் சீசியம் என்ற தனிமம். அணுவின் அலைவுகளை எண்ணி நேரம் சொல்வதுதான் அணுக் கடிகாரம். 1967 முதல் ஒரு நொடி என்பதே சீசியம் அணுவோடு இணைந்த கதிரின் 919 கோடியே 26 லட்சத்து 31 ஆயிரத்து 770 அலைவுகள். 1971 அக்டோபரில் ஹாஃபலே, கீட்டிங் என்ற இரு அமெரிக்கர்கள் நான்கு சீசியம் கடிகாரங்களைச் சாதாரணப் பயணிகள் விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றிவந்தார்கள். கிழக்கே சுற்றிய பயணத்தில் கடிகாரங்கள் சராசரியாக 59 நானோ நொடி பின்தங்கின. மேற்கே சுற்றியபோது 273 நானோ நொடி முந்தின. உயரம் மட்டுமல்ல, விமானத்தின் வேகமும் பூமியின் சுழற்சியும் இதில் சேர்ந்துகொள்வதால்தான் திசைக்குத் திசை இந்த வேறுபாடு. நானோ நொடி என்றால் ஒரு நொடியின் நூறு கோடியில் ஒரு பங்கு. டிக்கெட் எடுத்து ஏறி உட்கார்ந்து, காலத்தை மாற்றிக்கொண்டு இறங்கின அந்தக் கடிகாரங்கள்!

இப்போது எனக்கு மிகவும் பிடித்த இடத்துக்கு வந்துவிட்டோம். மத்தாப்பின் ஸ்ட்ரான்சியம்.

ஸ்ட்ரான்சியம் கடிகாரத்தின் அலைவு நொடிக்குச் சுமார் 429 லட்சம் கோடி. அதுவும் சிவப்பு ஒளிதான்! மத்தாப்பில் பார்க்கும் சிவப்பும் இதுவும் வேறுவேறு விதத்தில் பிறப்பவை. என்றாலும் எரித்தாலும் சிவப்பு, எண்ணினாலும் சிவப்பு என்பதில் எனக்கு ஒரு தனி மகிழ்ச்சி. அளவுகோலில் சென்டிமீட்டர் கோடுகளுக்குப் பதில் மில்லிமீட்டர் கோடுகள் போட்டால் எவ்வளவு துல்லியம் கூடும்? இங்கே ஒரு சீசியம் கோட்டுக்குள் 46,000-க்கும் மேற்பட்ட ஸ்ட்ரான்சியம் கோடுகள்.

அமெரிக்காவின் போல்டர் நகரில் ஜிலா என்ற ஆய்வுக்கூடம் இருக்கிறது. அங்கே ஜுன் யே குழுவினர் ஏறத்தாழ ஒரு லட்சம் ஸ்ட்ரான்சியம் அணுக்களை மிக மிகக் குளிரவைத்து, லேசர் ஒளிக்குள் அடுக்கடுக்காக நிறுத்தினார்கள். கல்யாண வீட்டில் தோசைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கியிருப்பார்களே, அப்படியே. மொத்த அடுக்கின் உயரமே ஒரு மில்லிமீட்டர்தான். பிறகு மேல் தோசையையும் கீழ்த் தோசையையும் ஒப்பிட்டார்கள். மேலே இருந்த அணுக்களுக்குக் காலம் சற்று வேகமாக ஓடியது! 2022-ல் முடிவை வெளியிட்டார்கள்.

அந்த வேறுபாடு எவ்வளவு சிறியது தெரியுமா? அடுக்கின் உச்சியும் அடியும் ஒரே ஒரு நொடி விலகச் சுமார் 29,000 கோடி ஆண்டுகள் ஆகும். பேரண்டத்தின் வயதே 1,380 கோடி ஆண்டுகள்தான். கணக்கைத் தாளில் போட்டுப் பார்த்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை.

உங்கள் உடம்புக்கே வருவோம். நீங்கள் 80 ஆண்டுகள் நின்றபடியே வாழ்ந்தால், உங்கள் தலைக்கும் பாதத்துக்கும் இடையே அரை மைக்ரோ நொடிக்குச் சற்றுக் குறைவான வயது வித்தியாசம் வரும் (மைக்ரோ நொடி என்றால் ஒரு நொடியின் பத்து லட்சத்தில் ஒரு பங்கு). தலை பாதத்தைவிடக் குறைவாக மூப்படைந்திருக்கும் என்று நினைக்கிறீர்களா, கூடுதலாகவா? வீடியோவை நிறுத்தி யோசியுங்கள்.

[காட்சி: மூன்று நொடி அமைதி.]

கூடுதலாகத்தான். தலை பூமியிலிருந்து தள்ளி இருக்கிறதே! சரியாகச் சொன்னவர்கள் கருத்துப் பகுதியில் எழுதுங்கள், எல்லாவற்றையும் படிக்கிறேன்.

[காட்சி: மணவாளக்குறிச்சிக் கடற்கரை, கருமணல்.]

கதைகளின் அபூர்வ உலோகத்துக்கு மிக நெருங்கியது என்று என்னைக் கேட்டால், தோரியம் என்ற தனிமத்தின் ஒரு வகையான தோரியம்-229 என்பேன். மற்றக் கடிகாரங்களில் அலைவைத் தருபவை அணுவின் எலெக்ட்ரான்கள்; இதில் அந்த வேலையை அணுவின் நடுவில் இருக்கும் அணுக்கருவே செய்கிறது. வெளித் தொந்தரவுகள் அதை எளிதில் அசைக்க முடியாது. 2024-ல்தான் லேசரால் அந்தக் கருவைத் தட்டியெழுப்பினார்கள். அதன் அலைவை எதோடு ஒப்பிட்டார்கள்? ஜிலாவின் ஸ்ட்ரான்சியம் கடிகாரத்தோடு!

கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சி மணலில் உள்ள மோனசைட் என்ற கனிமத்தில் இருப்பது இன்னொரு வகையான தோரியம்-232. அணு உலையில் அது நியூட்ரானை விழுங்கினால், படிப்படியாக யுரேனியம்-233 ஆகும். கல்பாக்கத்தில் 1996-ல் இயங்கத் தொடங்கிய காமினி உலையின் எரிபொருள் இந்த யுரேனியம்தான். அந்த யுரேனியம் சிதைந்தால் என்ன ஆகும் என்று பாருங்கள்: தோரியம்-229! ஆனால் அதில் பாதி சிதையவே ஏறத்தாழ 1,60,000 ஆண்டுகள் ஆகும். அதனால்தான் தோரியம்-229 இவ்வளவு அரிது. அந்தக் கடற்கரைக்குப் போயிருக்கிறீர்களா? காலில் ஒட்டிய கருமணலைப் படம் எடுத்திருந்தால் எனக்கு அனுப்புங்கள். அடுத்த வீடியோவில் காட்டுகிறேன்.