அரசன் உதித்த செய்தி

வணக்கம் நேயர்களே. இன்றைக்கு ஒரு கடிதத்தை வாசித்துவிட்டு அதிலிருந்து பேசலாம் என்று வந்திருக்கிறேன். ஏறக்குறைய 3,500 ஆண்டுகளுக்கு முந்தைய கடிதம். அனுப்பியவர் எகிப்தில் அப்போதுதான் பட்டத்துக்கு வந்த முதலாம் துட்மோஸ். பெற்றவர் தூரி என்ற அதிகாரி. எகிப்தின் பிடியில் இருந்த நூபியாவை, அதாவது இன்றைய எகிப்தின் தென்கோடியும் சூடானின் வடபகுதியும் சேர்ந்த நாட்டை, அரசருக்காக நிர்வகித்து வந்தவர். என் தமிழில் சுருக்கிச் சொல்கிறேன்.

"அரசரின் இந்த ஆணை உன்னிடம் வந்து சேர்கிறது. மேல் எகிப்துக்கும் கீழ் எகிப்துக்கும் அரசனாக, உயிருள்ளோரின் ஹோரஸ் அரியணையில் நான் உதித்துவிட்டேன் என்பதை அறிந்துகொள். என் பெயர்களை இவ்வாறு எழுது." அப்புறம் ஐந்து பெயர்கள் வரிசையாக வருகின்றன. "எலிபன்டைன் தீவின் தெய்வங்களுக்கு என் நலத்துக்காகப் படையல் வைக்கச் சொல். சத்தியம் செய்கிறவர்கள் இனி என் பெயரில் சத்தியம் செய்யட்டும், அரசனின் தாய் செனிசெனெப் பெற்ற என் பெயரில். அவள் நலமாக இருக்கிறாள். உனக்குத் தெரியப்படுத்தவே இந்தச் செய்தி. அரண்மனையில் எல்லாம் நலம்." கீழே தேதி: ஆண்டு 1, பயிர் வளரும் பருவத்தின் மூன்றாம் மாதம், 21ஆம் நாள், பட்டமேற்பு விழா நாள்.

தூரிக்கு வந்த அந்த மூலக் கடிதம் நமக்குக் கிடைக்கவில்லை. ஆனால் அதை அப்படியே கல்லில் வெட்டி நூபியாவில் நிறுத்தினார்கள். வாதி ஹல்ஃபாவிலும் குபானிலும் அந்தக் கற்கள் கிடைத்தன. எகிப்திய அரசர்களைப் பற்றி எவ்வளவோ பெரிய பெரிய கல்வெட்டுகள் இருக்கின்றன, கோயில் சுவர் முழுக்க ஓடுகிறவை. எனக்கு இந்தச் சின்னக் கடிதத்தின் மேல்தான் பிரியம் அதிகம். காரணம், இது ஓர் அலுவலகத் தபால். ஆட்சி மாறினால் அடுத்த நாள் காலையில் ஓர் அதிகாரி என்னென்ன செய்யவேண்டும் என்பது மட்டும்தான் இதில் இருக்கிறது.

'உதித்துவிட்டேன்' என்று சொன்னேன் இல்லையா, அது நான் அழகுக்காகப் போட்ட சொல் இல்லை. எகிப்திய மொழியில் சூரியன் எழுவதற்கு எந்த வினைச்சொல்லோ அதுவேதான் அரசன் அரியணை ஏறுவதற்கும். அதற்கான சித்திர எழுத்தே ஒரு மேடும் அதன் பின்னாலிருந்து கிளம்பும் கதிர்களும்தான். சொல்லில் மட்டும் இருந்த வழக்கமும் இல்லை. அமெனெம்ஹெப் என்ற படைவீரரின் கல்லறையில் அவருடைய வாழ்க்கைக் குறிப்பு இருக்கிறது. மூன்றாம் துட்மோஸ் தம் 54ஆம் ஆட்சியாண்டில் இறந்தார், வானுக்கு ஏறிச் சூரியனோடு கலந்தார், மறுநாள் பொழுது விடிந்து வெளிச்சம் பரவியபோது இரண்டாம் அமென்ஹோடெப் அரியணையில் அமர்ந்திருந்தார் என்கிறது அது. ஓர் இரவுதான் இடைவெளி, அதுவும் சூரியன் இல்லாத இரவு.

சரி, அந்த ஐந்து பெயர்கள். முதலாவது, அரசருக்குரிய பருந்துத் தெய்வமான ஹோரஸின் பேரால் வரும் ஹோரஸ் பெயர். இரண்டாவது, தெற்கின் கழுகும் வடக்கின் நாகமுமான இரண்டு தேவியரின் காப்பில் உள்ள பெயர். மூன்றாவது பொன் ஹோரஸ் பெயர். நான்காவது, தெற்கே மேல் எகிப்து, வடக்கே கீழ் எகிப்து என்ற இரு நாடுகளின் அரசனாக எடுத்துக்கொள்ளும் அரியணைப் பெயர். ஐந்தாவது பெற்றோர் வைத்த பெயர். கடைசி இரண்டை மட்டும்தான் நீள்வட்டக் கயிறு போன்ற அந்தக் கட்டத்துக்குள் எழுதுவார்கள். கார்ட்டூஷ் என்று இப்போது அதைச் சொல்கிறோம். முதலாம் துட்மோஸின் ஹோரஸ் பெயருக்கு 'மாஅத் தேவியின் அன்புக்குரிய வலிய காளை' என்று பொருள். மாஅத் என்பவள் உண்மைக்கும் நீதிக்கும் உரிய தேவி. முதல் நான்கும் பட்டமேற்கும்போது வருபவை என்பதால், தொலைவில் இருக்கும் தூரிக்கு யாராவது எழுதி அனுப்பினால் ஒழியத் தெரிய வழியே இல்லை. வழக்கு மன்றத்தில் சாட்சி அரசன் மேல் ஆணையிட வேண்டும், கோயிலில் அரசன் பெயரில் படையல் வைக்கவேண்டும், பத்திரத்தில் ஆண்டைக் குறிக்கவேண்டும். அந்த ஆண்டுக் கணக்கும் புது அரசரோடு ஒன்றிலிருந்து திரும்ப ஆரம்பிக்கிறது. பெயர் வந்து சேரும்வரை தூரியின் அலுவலகத்தில் ஒரு பத்திரம்கூடச் சரியாக எழுதமுடியாது.

இந்த வழக்கம் எவ்வளவு காலம் நின்றது என்பதற்கு ஒன்று சொல்கிறேன். ரொசெட்டா கல்லைப் பள்ளிப் பாடத்திலேயே கேள்விப்பட்டிருப்பீர்கள், எகிப்திய எழுத்தைப் படிக்க வழி திறந்த கல். அதுவும் ஓர் ஆணைதான். கி.மு. 196இல் ஐந்தாம் தாலமிக்கு மெம்பிஸ் நகரில் பட்டம் சூட்டியதை ஒட்டிப் பூசாரிகள் கூடி வெளியிட்டது. தாலமி கிரேக்க வம்சத்து அரசர், அப்போது சிறுவர். அந்தக் கல்லின் கிரேக்கப் பகுதி எடுத்த எடுப்பிலேயே அவருடைய எகிப்தியப் பட்டங்களை வரிசையாக மொழிபெயர்த்துக்கொண்டு போகிறது, எகிப்தியத் தெய்வம் அமுன் வரவேண்டிய இடத்தில் கிரேக்கத் தெய்வம் ஜூஸ், ப்டா வரவேண்டிய இடத்தில் ஹெஃபைஸ்டோஸ் என்று. தூரிக்குக் கடிதம் போய் 1,300 ஆண்டுகள் ஆன பிறகும் அதே ஐந்து பெயர்களின் சட்டகம்!

இப்போது கடிதத்துக்குத் திரும்புகிறேன், ஏனென்றால் அதில் இல்லாத ஒன்றைத்தான் நான் முக்கியமாகப் பேச நினைத்தேன். தாய் பெயர் இருக்கிறது. தகப்பன் பெயர் இல்லை. முந்தைய அரசர் முதலாம் அமென்ஹோடெப்புக்குப் பட்டத்துக்கு வர மகன் இருந்ததாகத் தெரியவில்லை. துட்மோஸின் தகப்பன் யார் என்று எந்தக் கல்லும் சொல்வதில்லை. செனிசெனெப்புக்கும் 'அரசனின் தாய்' என்பதைத் தவிர வேறு பட்டம் கிடையாது. மகன் அரசரானதால்தான் அதுவும் வந்தது. அந்தத் தாயின் பெயரைப் போட்டு, அவள் நலமாக இருக்கிறாள் என்று ஒரு வார்த்தையும் சேர்த்து, நாட்டின் எல்லைக்கு அனுப்பியிருக்கிறார்கள். பட்டமேற்புக் கல்வெட்டுகளைப் படிக்கும்போதெல்லாம் நான் முதலில் தேடுவது இதைத்தான். எந்த உறவை அழுத்திச் சொல்கிறார்கள், எதைச் சொல்லாமல் நகர்கிறார்கள்? தகப்பனுக்குப் பின் மகன் என்று சிக்கலில்லாமல் வந்தவர்களுக்கு நீண்ட விளக்கம் தேவைப்படவில்லை. விரிவாகப் பேசுகிறவர்களுக்கு ஏதோ ஒரு குறை இருந்திருக்கிறது.

இதே துட்மோஸின் மகள் ஹத்செப்சுத்தை எடுத்துக்கொள்ளுங்கள். தெய்ர் எல் பஹ்ரியில் அவர் கட்டிய கோயில் சுவரில் ஒரு பட்டமேற்புக் காட்சி இருக்கிறது. அதில் தகப்பன் துட்மோஸ் பிரபுக்களையெல்லாம் கூட்டி, மகளை முன்னே நிறுத்தி, இவளை என் இடத்தில் வைக்கிறேன், உங்களுக்கு ஆணையிடப்போகிறவள் இவள், இவளைப் போற்றுகிறவன் வாழ்வான், தூற்றுகிறவன் சாவான் என்று அறிவிக்கிறார். பிறகு பூசாரிகளை வரவழைத்து அவளுக்கான பெயர்களை அமைக்கச் சொல்கிறார். தெய்வம் முன்பே தீர்மானித்திருந்த பெயர்கள் அவர்கள் மனதில் தோன்றுகின்றன. நாள்கூடப் பொறுக்கி எடுத்தது, ஆண்டின் முதல் நாள். படிக்கும்போது கண்முன் நடப்பதுபோலவே இருக்கும். ஆனால் நடக்கவில்லை. முதலாம் துட்மோஸுக்குப் பின் பட்டத்துக்கு வந்தவர் இரண்டாம் துட்மோஸ், ஹத்செப்சுத்தின் கணவர். அவருக்குப் பின் சிறுவனான மூன்றாம் துட்மோஸ். அந்தச் சிறுவனுக்காக ஆட்சியைப் பார்த்துக்கொண்டிருந்த ஹத்செப்சுத் சில ஆண்டுகள் கழித்துத்தான் தாமே அரசர் என்று பட்டங்களை எடுத்துக்கொண்டார்.

அப்படியானால் அந்தச் சுவர் வெறும் பொய்யா என்று கேட்டால், அந்தச் சொல்லால் அதைத் தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. அவருடைய பெயர்களைப் பாருங்கள்: 'உயிராற்றல்கள் வலியவள்', 'ஆண்டுகள் செழித்தவள்', 'தோற்றத்தில் தெய்வமானவள்'. ஆண்களுக்கென்றே அமைந்த சட்டகத்துக்குள் பெண்பால் விகுதியோடு பெயர்களைப் பொருத்தியிருக்கிறார்கள். வலிய காளை என்று தொடங்கவேண்டிய இடத்தில் அது இல்லை. சிலைகளில் பொய்த்தாடி இருக்கிறது, எழுத்தில் பெண்பால் இருக்கிறது. இதை உட்கார்ந்து யோசித்த அந்த எழுத்தர்களை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். முன்மாதிரி மிகக் குறைவான ஒரு வேலையை அவர்கள் இலக்கணத்தை வைத்து முடித்தார்கள்.

அந்தச் சிறுவன் மூன்றாம் துட்மோஸும் பின்னாளில் கர்னாக் கோயிலில் தம் கதையை வெட்டிவைத்தார். ஊர்வலத்தில் வந்த அமுன் தெய்வம் மண்டபத்தில் தம்மைத் தேடிக் கண்டுபிடித்து அரசர் நிற்கும் இடத்தில் நிறுத்தியது என்று. முன்பு தகப்பன் செய்ததாகச் சொன்ன வேலையை இங்கே தெய்வம் நேரடியாகச் செய்கிறது.

ஹோரெம்ஹெப் கதை வேறு. அவர் படைத்தலைவர், அரச குலத்தில் பிறந்ததாக அவரே சொல்லிக்கொள்ளவில்லை. இத்தாலியின் டூரின் அருங்காட்சியகத்தில் அவரும் அரசியும் அமர்ந்திருக்கும் சிலை ஒன்று உண்டு, அதன் பின்பக்கத்தில் பட்டமேற்பு விவரம் இருக்கிறது. அவருடைய சொந்த ஊர்த் தெய்வமான ஹோரஸ் அவரை அழைத்துக்கொண்டுபோய், ஓபெத் திருவிழா நேரத்தில் அமுனிடம் ஒப்படைக்கிறார். ஊர்த் தெய்வம் கூட வந்து பரிந்துரைக்கிறது, பாருங்கள். ஆனால் அவர் அதோடு நிற்கவில்லை. கர்னாக்கில் பத்தாவது கோபுர வாசலருகே அவருடைய பெரிய ஆணைக் கல் இருக்கிறது. ஏழைக் குடியானவரின் படகைப் பறித்துக்கொள்ளும் அதிகாரிக்கு மூக்கை அறுத்து எல்லைக் கோட்டையான ட்ஜாருவுக்கு அனுப்பும் தண்டனை. வீடு வீடாகப் போய் விலங்குத் தோலைப் பிடுங்கும் படைவீரனுக்கு 100 அடி, ஐந்து ரத்தக் காயம், பிடுங்கிய தோலும் பறிமுதல். கேட்கவே உடம்பு நடுங்குகிறது. ஆனாலும் யாரை யார் கொள்ளையடித்தார்கள், எதைப் பறித்தார்கள் என்பதை இவ்வளவு நுணுக்கமாக அரசரின் பெயரிலேயே எழுதிவைத்த கல்வெட்டு அந்தக் காலத்தில் அபூர்வம்.

கடைசியாகத் தெற்கே, தூரியின் பகுதிக்கும் அப்பால் போகிறேன். இன்றைய சூடானில் கெபெல் பர்கல் மலையடிவாரம். கி.மு. 600ஐ ஒட்டி அங்கே குஷ் நாட்டு அரசரானவர் அஸ்பெல்டா. எகிப்திய மொழியில், எகிப்திய எழுத்தில், அதே ஐந்து பெயர்ச் சட்டகத்தில் அவருடைய பட்டமேற்புக் கல் 1862இல் கிடைத்தது. தலைவன் இல்லாத படை கூடி நிற்கிறது. நமக்கொரு தலைவன் இங்கேயே நம்மிடையே இருக்கிறான், ஆனால் அவன் யாரென்று நமக்குத் தெரியவில்லையே என்று தவிக்கிறது. அரச சகோதரர்களை அமுனின் முன் நிறுத்துகிறார்கள், தெய்வம் யாரையும் எடுக்கவில்லை. பிறகு அஸ்பெல்டாவைத் தனியாக நிறுத்த, இவன்தான் என்கிறது. அடுத்து அவருடைய உரிமைக்குச் சான்றாகத் தாய்வழி வருகிறது: தாய், தாயின் தாய், அவளுடைய தாய் என்று ஏழு தலைமுறைப் பெண்கள். செனிசெனெப் ஒருத்தியின் பெயரோடு நாம் ஆரம்பித்தோம், இங்கே ஒரு முழு வரிசையே இருக்கிறது.

ஆனால் அந்தப் பெண்களின் பெயர்களை ஒன்றுவிடாமல் யாரோ உளியால் கொத்தி எடுத்திருக்கிறார்கள். அரசரின் இரண்டு கார்ட்டூஷ்களும் அப்படியே போயின. கொத்தியவர் கட்டத்துக்குள் இருந்ததை மட்டும் அழித்துவிட்டு, கட்டத்துக்கு வெளியே இருந்த மற்ற மூன்று பெயர்களையும் விட்டுவிட்டார். 'நெஃபெர் கா', அழகாக உதித்தவன் என்ற ஹோரஸ் பெயர் கல்லில் இன்னும் இருக்கிறது. அதை வைத்துத்தான் அது அஸ்பெல்டாவின் கல் என்று அடையாளம் கண்டார்கள்.