மடங்கிய விரல்களும் ஒரு பேனாவும்

நேயர்களுக்கு வணக்கம்.

ஒரு நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளியின் வீடு. அப்பா, அம்மா, மகன் மூவரும் தொலைக்காட்சிப் பெட்டி முன்னால் உட்கார்ந்திருக்கிறார்கள். பெட்டிக்குள்ளும் அந்த மகன்தான் பேசிக்கொண்டிருக்கிறான். ஆக்ஸ்போர்டில் படிக்கிறவன். ஊருக்குப் போனால் அப்பாவே தன்னை ஒரு மாதிரி பார்ப்பதாக நாடு முழுக்கக் கேட்கச் சொல்கிறான். அதைக் கேட்கும் அப்பாவின் முகம் வாடுகிறது. பக்கத்தில் இருக்கும் மகனுக்கு எங்கே பார்ப்பதென்று தெரியவில்லை.

1965இல் பி.பி.சி. ஒளிபரப்பிய 'ஸ்டாண்ட் அப், நைஜல் பார்ட்டன்' நாடகத்தில் வரும் காட்சி இது. எழுதியவர் பிரிட்டிஷ் தொலைக்காட்சி நாடக ஆசிரியர் டென்னிஸ் பாட்டர். கற்பனை என்று ஒதுக்க முடியாது. 1958இல் ஆக்ஸ்போர்டு மாணவராக இருந்தபோது, வர்க்க வேறுபாடு பற்றிய ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில் அவர் பேசிய பேச்சுதான் நாடகத்துக்குள் வந்தது. தன் வீட்டுக்குத் தான் தந்த வலியை ஏழு வருடம் கழித்து, அதே பெட்டி வழியாகவே திருப்பிச் சொன்னார்.

பாட்டர் 1935இல் கிளஸ்டர்ஷையரின் ஃபாரஸ்ட் ஆஃப் டீன் பகுதியில், பெர்ரி ஹில் என்ற ஊரில் பிறந்தவர். அப்பா சுரங்கத் தொழிலாளி. அந்த ஊர்க்காரர்கள் லண்டனுக்குப் போய் நாடகம் பார்க்கப் போவதில்லை. ஆனால் தொலைக்காட்சி சுரங்கத் தொழிலாளி வீட்டிலும் இருந்தது, பேராசிரியர் வீட்டிலும் இருந்தது. ஒரே இரவில் இரண்டு வீட்டிலும் ஒரே கதை ஓடும். இதை அவர் மனதார நம்பினார். நல்ல எழுத்தாளர்கள் பலர் சினிமாவுக்கும் மேடைக்கும் போய்க்கொண்டிருந்த காலத்தில், முப்பது வருடம் சின்னத்திரையிலேயே அவர் ஊன்றி நின்றதற்கு இந்த நம்பிக்கைதான் காரணம் என்பேன்.

அவர் முதலில் விரும்பியது அரசியலை. 1964 தேர்தலில் தொழிற்கட்சி வேட்பாளராக நின்று தோற்றார். பிரச்சாரம் முடிவதற்குள் மனம் வெறுத்துப்போய், தனக்கே வாக்களிக்கவில்லை என்று பிறகு சொன்னார். அதற்கு முன்பே, 26 வயதில், நோய் வந்துவிட்டது. சொரியாசிஸ் தோல் நோயும் மூட்டுவாதமும் சேர்ந்த நோய். தோல் வெடித்து உரியும், மூட்டுகள் வீங்கும், விரல்கள் உள்பக்கமாக மடங்கி அப்படியே நின்றுவிடும். மூடிய முஷ்டிக்குள் பேனாவைச் செருகி எழுதினார். கட்சி வேலைக்கும் பத்திரிகை வேலைக்கும் உடம்பு ஒத்துழைக்காது. வீட்டில் உட்கார்ந்து எழுதத்தான் முடியும். சரி, எழுதினார்.

1978இல் வந்த 'பென்னீஸ் ஃப்ரம் ஹெவன்' ஆறு பகுதிகள் கொண்ட தொடர். 1930களில் ஊர் ஊராகப் போய் இசைத்தாள் விற்கும் ஆர்தர் என்பவனின் கதை. பாப் ஹாஸ்கின்ஸ் நடித்தார். திடீரென்று ஒரு பழைய இசைத்தட்டு ஒலிக்கும், அவர் வாயசைப்பார். பின்னணிப் பாட்டுக்கு வாயசைப்பதைப் பார்த்துப் பழகியவர்கள் நாம், அதில் என்ன புதுமை என்று தோன்றலாம். ஆனால் முதல் பாட்டில் ஹாஸ்கின்ஸ் வாய் திறக்கும்போது வருவது ஒரு பெண்ணின் குரல். எல்ஸி கார்லைல் பாடிய பழைய பாட்டு. அவனுடைய ஆசை அவனைவிடப் பெரியது, அவனுக்குள் அடங்காதது என்பதை ஒரு வரி வசனம் இல்லாமல் அந்தக் குரல் சொல்லிவிடுகிறது. வானொலி நாடகம் எழுதிப் பழகிய எனக்கு இதைவிடப் பெரிய பாடம் கிடைத்ததில்லை. இந்தக் கதை 1981இல் ஹாலிவுட்டில் படமாகி, திரைக்கதைக்காகப் பாட்டர் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டார்.

தொடர் வந்த அடுத்த ஆண்டே, 1979இல், 'ப்ளூ ரிமெம்பர்ட் ஹில்ஸ்' நாடகம். போர்க்காலத்தில், ஒரு கோடைப் பிற்பகலில், காட்டில் விளையாடும் ஏழு குழந்தைகள். ஏழு பேரையும் வளர்ந்த நடிகர்களே நடித்தார்கள். குழந்தை அடித்தால் 'சின்னப் பிள்ளைதானே' என்று சிரித்துவிடுவோம். அதே அடியைப் பெரிய உடம்பு அடிக்கும்போது அந்தச் சிரிப்பு தொண்டையில் நின்றுவிடுகிறது.

எல்லாவற்றிலும் உச்சம் 1986இல் வந்த 'தி சிங்கிங் டிடெக்டிவ்'. துப்பறியும் கதை எழுதும் பிலிப் மார்லோ, பாட்டரின் நோயோடு, மருத்துவமனைக் கட்டிலில் கிடக்கிறான். நடித்தவர் மைக்கேல் கேம்பன். மருத்துவர்கள் கட்டிலைச் சுற்றி நின்று, நடுவில் ஒரு மனிதன் இருப்பதே தெரியாததுபோல் மருந்துப் பெயர்களை அடுக்குகிறார்கள். அவன் தாங்க முடியாமல் அழுகிறான். அப்புறம் அந்த வார்டே மாறி, எலும்போடு எலும்பு சேர்வதைப் பாடும் 'ட்ரை போன்ஸ்' என்ற பழைய பக்திப் பாட்டுக்கு மருத்துவர்களும் நர்சுகளும் வாயசைத்து ஆடுகிறார்கள். நீண்ட நாள் நோயோடு படுத்திருந்த எவருக்கும் அந்தக் காட்சி உடனே புரியும்.

எல்லாமே வெற்றி இல்லை. 1976இல் 'பிரிம்ஸ்டோன் அண்ட் ட்ரீக்கிள்' நாடகத்தைப் படமாக்கி முடித்தபின் பி.பி.சி. நிறுத்தி வைத்தது, ஒளிபரப்பாக 11 வருடம் ஆனது. 1989இல் அவரே இயக்கிய 'பிளாக்ஐஸ்' தொடரைப் பத்திரிகைகள் கிழித்துப் போட்டன. அது தவறிய படைப்பு என்றே நானும் நினைக்கிறேன். பெண்ணைப் பொருளாகப் பார்க்கும் பார்வையைக் கண்டிக்க வந்தவர், அந்தப் பார்வைக்குள்ளேயே மாட்டிக்கொண்டார்.

1994 பிப்ரவரியில் கணையப் புற்றுநோய் என்று தெரிந்தது. மார்ச்சில் சேனல் 4 தொலைக்காட்சிக்காக மெல்வின் பிராக் அவரைப் பேட்டி கண்டார். இடையில் வலி கூடும்போது சின்னக் குடுவையைத் திறந்து மார்ஃபின் குடித்துவிட்டுப் பேச்சைத் தொடர்கிறார். எழுதும் இடத்து ஜன்னலுக்குக் கீழே மரம் பூத்திருப்பதைச் சொல்கிறார். இதுவரை யாரும் பார்த்திராத வெண்மையில் அது பூத்திருப்பதாகச் சொல்லும்போது முகம் குழந்தையின் முகமாகிறது. விடியற்காலை ஐந்து மணிக்கே மேசைக்கு வந்துவிடுகிறேன் என்கிறார்.

முடிக்க வேண்டிய கதைகள் இரண்டு: 'கரோக்கி', 'கோல்ட் லாசரஸ்'. போட்டி நிறுவனங்களான பி.பி.சி.யும் சேனல் 4உம் சேர்ந்து அவற்றை ஒளிபரப்ப வேண்டும் என்று கேட்டுக்கொண்டார். எழுதி முடித்தார். மே 29இல் மனைவி மார்கரெட் புற்றுநோயில் இறந்தார். ஒன்பதாவது நாள், ஜூன் 7இல், அவரும் போனார்.

1996இல் இரண்டு தொடர்களும் வந்தன. 'கரோக்கி' முதலில் பி.பி.சி.யில், பிறகு சேனல் 4இல். 'கோல்ட் லாசரஸ்' முதலில் சேனல் 4இல், பிறகு பி.பி.சி.யில். அவர் கேட்டபடியே.

வணக்கம்.